இருபத்தாறு சாளரங்கள்

ஸ்பானிய அரசருக்குப் போர்க்கப்பல்கள் கட்டித் தந்த ஹவானாத் துறைமுகத்தில் சிப்ரியானோ என்றொருவர் இருந்தார். கப்பலின் அடிவயிற்றில் பாரம் அடுக்குவது அவர் தொழில். பாய்மரக் கப்பல் காற்றில் கவிழாமலிருக்க அதன் அடியில் கல்லும் இரும்பும் நிரப்ப வேண்டும். எவ்வளவு நிரப்புவது, எங்கே நிரப்புவது என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. சிப்ரியானோ ஏட்டைப் புரட்டுவதில்லை. ஒரு வெங்காயத்தை நூலில் கட்டிக் கப்பலுக்குள் தொங்கவிடுவார். அது ஆடுவதைச் சற்று நேரம் பார்த்திருப்பார். பிறகு, "இந்தக் கல்லை அங்கே மாற்று" என்பார். அவ்வளவுதான்.

அவருக்கு வயது முப்பத்துநான்கு. அடிமைகளாகக் கொண்டுவரப்பட்டு விடுதலை பெற்றவர்களின் பேரன். அவரிடம் கேட்டறிய வந்தவர்களில் பெரும்பாலோர் அவரைவிட மூத்தவர்கள். பதவியிலோ எல்லோருமே உயர்ந்தவர்கள். அவரை எப்படி அழைப்பது என்று அவர்கள் படுகிற சங்கடத்தை அவர் கண்டுகொண்டதில்லை.

கப்பித்தான் எவரிஸ்தோ தம் ஐம்பத்தெட்டாம் வயதில் அவரைத் தேடிக்கொண்டு வந்தார். அறுபத்துநான்கு பீரங்கிகள் கொண்ட சாந்தா ஒலாயா என்னும் புதிய கப்பலைக் கப்பித்தானின் பொறுப்பில் விட்டிருந்தார்கள். பத்தாம் நாள் நானூற்று அறுபது பேருடன் அது கடலேற வேண்டும்.

"சிப்ரியானோ," என்றார் கப்பித்தான், நின்றபடியே. "என் கப்பல் சாயக் கூடாது. அதற்கு என்ன செய்ய வேண்டும், சொல்."

"எவ்வளவு சாயக் கூடாது?"

"கொஞ்சம்கூட."

சிப்ரியானோ வெங்காயத்தை நூலிலிருந்து அவிழ்த்துக்கொண்டிருந்தார். "முன்பு ஒன்று சாய்ந்ததோ, கப்பித்தான் அவர்களே?"

கப்பித்தான் கதவைச் சாத்திவிட்டு வந்து உட்கார்ந்தார்.

பதினோரு ஆண்டுகளுக்கு முன் அவரிடம் சாந்தா கிதேரியா என்ற கப்பல் இருந்தது. கப்பலுக்குப் பெயர் தந்த புனிதையின் திருநாளன்று கரைக்குச் சற்றுத் தள்ளி நின்றார்கள். திருநாளில் மேல்தட்டுப் பீரங்கிகளும் கீழ்த்தட்டுப் பீரங்கிகளும் ஒருசேர முழங்க வேண்டும் என்பது வழக்கம். பாதி முழங்கியிருக்கும். திடீரென்று ஒரு காற்று வந்தது. கப்பல் சாய்ந்தது. சாய்ந்தது நிமிரவில்லை.

"மூழ்குவதற்கு விசுவாச மந்திரத்தைச் சொல்லி முடிக்கிற நேரம்தான்," என்றார் கப்பித்தான். "நூற்றுத் தொண்ணூறு பேர். அவர்களில் என் தங்கை மகனும் ஒருவன்."

"கீழ்த்தட்டுச் சாளரங்கள்?"

பீரங்கியின் வாய் வெளியே நீட்டுவதற்காகக் கப்பலின் பக்கங்களில் சதுரமாக வெட்டப்பட்டவை அவை. கீழ்வரிசைச் சாளரங்கள் நீர்மட்டத்திலிருந்து ஓர் ஆள் உயரம்கூட இரா. கப்பல் சாயும்போது நீர் உள்ளே புகாமலிருக்க அவற்றுக்குக் கனத்த மரக் கதவுகள் உண்டு.

"காற்று," என்றார் கப்பித்தான். "விசாரணை மன்றம் காற்று என்றுதான் எழுதியது. மனிதனின் பிழை ஏதுமில்லை என்றும் எழுதியது."

"எழுதியிருப்பார்கள்."

அதன் பிறகு கப்பித்தான் கரையிலேயே இருந்துவிட்டார். வீட்டில் சாப்பாட்டு மேசை ஒரு விரற்கடை சாய்ந்திருந்தாலும் அவருக்கு உணவு இறங்காது. மேசைக் காலுக்கடியில் அட்டையை மடித்து வைத்த பிறகே உட்காருவார். மனைவி முதலில் சிரித்தாள். பிறகு சிரிப்பதை விட்டுவிட்டு அட்டைகளைத் தயாராக வைத்துக்கொண்டாள். இதைக் கப்பித்தான் சிப்ரியானோவிடம் சொல்லவில்லை. சொன்னது இவ்வளவுதான்:

"இந்த முறை நானூற்று அறுபது பேர்."

"சாயவே கூடாதென்றால் இரும்பு ஏற்ற வேண்டும். நிறைய. எல்லாவற்றையும் அடிக்கும் அடியில்."

"ஏற்று."

"ஏற்றிவிடலாம்."

நான்கு நாள் ஏற்றினார்கள். வெடித்துப்போன பழைய பீரங்கிகள், துருப்பிடித்த நங்கூரங்கள், இரும்புப் பாளங்கள் எல்லாம் சாந்தா ஒலாயாவின் வயிற்றுக்குள் இறங்கின. மாலுமிகளின் உள்ளங்கைகள் கொப்புளித்தன. கப்பித்தான் நாள்தோறும் வந்து வெங்காயத்தைப் பார்த்தார். அதன் அசைவு குறைந்துகொண்டே வந்தது. நான்காம் நாள் அவர் முகத்தில் சிரிப்பு போன்ற ஒன்று தோன்றியது.

ஐந்தாம் நாள் காலையில், "பார்த்துவிடலாமா?" என்றார் சிப்ரியானோ.

துறைமுகத்துக்குள் அலை கிடையாது. கப்பல் எப்படி ஆடும் என்று தெரிந்துகொள்ள அங்கே ஒரு முறை இருந்தது. முந்நூறு பேரை மேல்தட்டில் நிறுத்துவார்கள். முரசு ஒலித்தால் எல்லோரும் வலப்பக்கம் ஓட வேண்டும். மறுபடி ஒலித்தால் இடப்பக்கம். கப்பலின் போக்கையொட்டி முரசு அடிக்கத் தெரிந்தவர் இருந்தால், நங்கூரத்தில் நிற்கிற கப்பலே கடலில் போவதுபோல ஆடத் தொடங்கிவிடும்.

சிப்ரியானோ முதலில் கீழ்த்தட்டுச் சாளரங்களை மூடச் செய்தார். பிறகு முரசுக்காரனுக்குக் கையசைத்தார்.

முந்நூறு பேர் ஓடினார்கள். "கப்பித்தானுக்குத் தொட்டில் ஆட்டுங்கடா!" என்று ஒருவன் கத்தினான். "சோறு போடாத தாய்க்கு எதுக்குடா தாலாட்டு?" என்றான் இன்னொருவன்.

கப்பித்தான் சுக்கானருகே நின்றிருந்தார். காலடியில் தளம் மிகச் சிறிதே சாய்ந்து, வெடுக்கென்று நிமிர்ந்தது. மறுபக்கமும் அப்படியே. ஏழு எண்ணுவதற்குள் கப்பல் போய்த் திரும்பி வந்துவிட்டது.

"பார்த்தாயா!" என்றார் கப்பித்தான். "சாயவேயில்லை."

"நீங்கள் நிற்கிற இடத்திலிருந்து பார்த்தீர்கள். மேலே போகலாம், வாருங்கள்."

"மேலே என்றால்?"

சிப்ரியானோ நடுப் பாய்மரத்தை அண்ணாந்து பார்த்தார்.

கப்பித்தான் கயிற்றேணியில் ஏறி இருபது ஆண்டுகள் ஆகியிருந்தன. முந்நூறு பேரும் ஓட்டத்தை நிறுத்திவிட்டுப் பார்த்துக்கொண்டிருந்ததால் அவரால் மறுக்க முடியவில்லை. பாதி மரத்துக்கு மேலே ஒரு மேடை உண்டு. அதற்குள் நுழைய மரத்தையொட்டி ஓர் ஓட்டை இருக்கும். மானமுள்ள மாலுமி அந்த ஓட்டை வழியாகப் போகமாட்டான். வெளிப்புறமாகத் தொங்கித்தான் ஏறுவான். சிப்ரியானோ நேராக ஓட்டைக்குள் தலையை நுழைத்தார்.

"என் அம்மாவுக்கு நான் ஒரே பிள்ளை," என்றார், கீழே பார்த்து.

கப்பித்தானும் ஓட்டை வழியாகவே போனார்.

மேடையில் ரோக்கே என்ற பாய் கட்டுகிறவன் உட்கார்ந்திருந்தான். இடுப்பைக் கயிற்றால் மரத்தோடு இறுக்கிக் கட்டிக்கொண்டிருந்தான்.

"துறைமுகத்துக்குள் எதற்கு இந்தக் கட்டு?" என்றார் கப்பித்தான்.

"கழுதை எத்தும், ஐயா."

"எந்தக் கழுதை?"

ரோக்கே சிப்ரியானோவைப் பார்த்தான். சிப்ரியானோ கீழே கையசைத்தார். முரசு ஒலித்தது.

கீழே விரலளவு இருந்த அசைவு மேலே கவண்வீச்சாக வந்தது. மரம் ஒரு பக்கம் போய், போன வேகத்திலேயே பிடித்திழுக்கப்பட்டுத் திரும்பியது. கப்பித்தானின் தலை பின்னால் வெட்டியது. தொப்பி பறந்து நீரில் விழுந்தது. அடுத்த வீச்சில் அவர் இரு கைகளாலும் மரத்தைக் கட்டிக்கொண்டார். மரத்தின் உள்ளே ஏதோ முனகுவது அவர் மார்பில் கேட்டது. இரண்டு விரல் தடிமனான கயிறுகள் ஒரு பக்கம் தொய்ந்து, மறுகணம் அடிபட்டதுபோல விறைத்தன. ரோக்கே தன் கட்டுக்குள் பொம்மையைப் போல ஆடினான்.

"போதும்!" என்றார் கப்பித்தான்.

முரசு நின்றது. கப்பல் நிற்கச் சற்று நேரமாயிற்று.

"புயலில்?" என்று கேட்டார் கப்பித்தான், மூச்சு வந்த பிறகு.

"மரம் போகும். அதற்கு முன் ரோக்கே போவான்."

"நான் போகமாட்டேன்," என்றான் ரோக்கே. "இந்தக் கப்பலிலேயே வரமாட்டேன்."

கப்பித்தானின் முகம் சிவந்தது. "இது தெரிந்திருந்தும் நான்கு நாள் இரும்பு ஏற்றினாயா?"

"சாயாமலிருக்க என்ன செய்ய வேண்டும் என்று கேட்டீர்கள். அதைச் செய்தேன்."

"வேறு எதைக் கேட்டிருக்க வேண்டும்?"

சிப்ரியானோ ஓட்டைக்குள் கால்களை விட்டு இறங்கத் தொடங்கியிருந்தார்.

அன்று பிற்பகலே இரும்பை இறக்க உத்தரவாயிற்று. ஏற்றவும் நாங்கள், இறக்கவும் நாங்களா என்று மாலுமிகள் முணுமுணுத்தார்கள். ஆறாம் நாள் முழுவதும் கப்பித்தான் தம் அறையைவிட்டு வெளியே வரவில்லை. ஏழாம் நாள் விளக்கோடு கப்பலின் அடிவயிற்றுக்கு இறங்கினார். அங்கே சிப்ரியானோ தனியாக ஒரு பாளத்தைக் கடப்பாரையால் நெம்பிக்கொண்டிருந்தார்.

"திறந்திருந்தன," என்றார் கப்பித்தான்.

எவை என்று சிப்ரியானோ கேட்கவில்லை. "ஒரு பக்கமா?"

"இரு பக்கமும். பக்கத்துக்குப் பதின்மூன்று. இருபத்தாறும்."

"வானம்?"

"மேற்கே கறுத்திருந்தது." கப்பித்தான் விளக்கை ஓர் ஆணியில் மாட்டினார். அது சற்றுக் கோணலாகத் தொங்கியது, அவர் திருத்தவில்லை. "கீழ்த்தட்டுக்குப் பொறுப்பு என் தங்கை மகன். அவன் மேலே வந்து கேட்டான், மூடிவிடலாமா மாமா என்று. கரையில் ஆளுநரும் ஆயரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். திருநாள் முழக்கம் முடியட்டும் என்றேன்."

"அவர் என்ன சொன்னார்?"

"சரி மாமா என்றான். கீழே தன் இடத்துக்குப் போனான்."

கப்பலின் பலகைச் சுவருக்கு அப்பால் எங்கோ யாரோ சிரித்தார்கள். இரும்பும் ஈரமும் கலந்த வாடை அடித்தது.

"விசாரணையில் இதைக் கேட்கவில்லையா?"

"கேட்கத் தெரிந்தவன் அவன் ஒருவன்தான். அவன் இல்லையே." கப்பித்தான் நிமிர்ந்து பார்த்தார். "நீங்கள் முதல் நாளே கேட்டீர்கள்."

அவர் நீங்கள் என்று சொன்னதை இருவருமே கவனித்ததாகக் காட்டிக்கொள்ளவில்லை.

"ஏதாவது சொல்லுங்கள், ஆசானே."

"அந்த முனையைப் பிடியுங்கள்," என்றார் சிப்ரியானோ. "இது தனியாகத் தூக்க வராது."

கப்பித்தான் மேலங்கியைக் கழற்றி மடித்து வைத்துவிட்டு, பாளத்தின் மறுமுனையைப் பிடித்தார்.

ஒன்பதாம் நாள் இரண்டாவது சோதனை. இரும்பில் பெரும்பகுதி வெளியேறியிருந்தது. எஞ்சியதைச் சிப்ரியானோ அகலமாகப் பரப்பி அடுக்கியிருந்தார். அன்று வெயில் கொளுத்தியது. காற்றுக்காகக் கீழ்த்தட்டுச் சாளரங்களையெல்லாம் திறந்து வைத்திருந்தார்கள். மூடும்படி கப்பித்தான் உத்தரவிட்டார்.

"உள்ளே இருப்பவர்கள் வெந்துபோவார்கள், ஐயா," என்றார் துணைத் தளபதி. "துறைமுகத்துக்குள்தானே இருக்கிறோம்?"

"வேகட்டும். மூடுங்கள்."

மூடிய பிறகு அவரே கீழே இறங்கினார். ஒவ்வொரு கதவாகக் கையால் தள்ளிப் பார்த்துக்கொண்டு போனார். பதினேழாவது கதவின் தாழ்ப்பாள் சரியாக விழாதிருந்தது. தச்சனை அழைத்து, அவன் அதைச் செப்பனிட்டு முடிக்கும்வரை பக்கத்தில் நின்றார். மேலே முந்நூறு பேர் காத்திருந்தார்கள். பின் இருபத்தாறையும் முடித்துக்கொண்டு, புதுத் தொப்பியைத் துணைத் தளபதியிடம் கொடுத்துவிட்டு, யாரும் அழைக்காமலே கயிற்றேணியில் ஏறினார்.

மேடையில் ரோக்கே இருந்தான். இம்முறை இடுப்பில் கயிறு இல்லை. ஒரு பிஸ்கோத்தைக் கடித்துக்கொண்டிருந்தான். அவனருகே உட்கார்ந்திருந்த சிப்ரியானோ நகர்ந்து இடம் கொடுத்தார்.

முரசு ஒலித்தது.

கப்பல் முதலில் ஓடியவர்களைப் பொருட்படுத்தவில்லை. பிறகு மெல்ல ஒரு பக்கம் தாழ்ந்தது. மறுபக்கம். ஒவ்வொரு முறையும் கொஞ்சம் கூடுதலாகத் தாழ்ந்தது. போக்கில் வெடுக்கில்லை, வரவிலும் இல்லை. போய்த் திரும்பப் பதின்மூன்று எண்ண வேண்டியிருந்தது. கப்பித்தான் எண்ணிக்கொண்டிருந்தார்.

பிறகு எண்ணுவது நின்றுபோயிற்று. மரம் வலப்பக்கம் சாய்ந்துகொண்டே போயிற்று. மேடைக்கு நேர் கீழே தளம் இருக்க வேண்டிய இடத்தில் பச்சை நிற நீர் இருந்தது. அந்த நீர் அவருக்குத் தெரியும். தளத்தின் மேல் உருளும் சட்டிகளின் ஓசை, பதினோரு ஆண்டுகளுக்கு முன் கேட்டதேதான். சாய்வின் கடைசியில் கப்பல் நின்றது. அங்கேயே நின்றது.

"திரும்பவில்லை," என்றார் கப்பித்தான்.

"இன்னும் இல்லை," என்றார் சிப்ரியானோ.

"இப்போது நான் என்ன செய்ய வேண்டும், ஆசானே?"

"கீழே பாருங்கள். சாளரங்கள்?"

கப்பித்தான் மேடையின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு எட்டிப் பார்த்தார். கப்பலின் புடைத்த விலாவில் சிவப்புக் கதவுகள் வரிசையாகத் தெரிந்தன. தண்ணீர் அவற்றின் கீழ்விளிம்பை நனைத்துக்கொண்டிருந்தது. ஒன்று விடாமல் பார்த்தார்.

"மூடியிருக்கின்றன."

"அப்படியானால், சும்மா இருங்கள்."