தலை குனியாத மகாராஜாவின் வண்டிப் படகு

ஏழுகரைச் சீமையை ஆண்ட நெடுமுடி மகாராஜாவுக்குக் கழுத்தில் ஒரு நோயும் கிடையாது. ஆனாலும் அது வளையாது. அவருடைய வம்சத்தில் யாரும் எதற்காகவும் தலை குனிந்ததில்லையாம். சாப்பிடும்போது இரண்டு ஆட்கள் தட்டை அவர் மோவாய்க்கு நேராக ஏந்திப் பிடிப்பார்கள். காலில் முள் தைத்தால் காலை மேலே தூக்கிக் காட்டுவார்கள். ஒருமுறை அப்படித் தூக்கியதில் மல்லாந்து விழுந்தார். விழும்போதும் தலை குனியவில்லை என்று புலவர்கள் அதற்கும் ஒரு பாட்டுக் கட்டிப் பரிசு வாங்கிக்கொண்டார்கள்.

அப்பேர்ப்பட்டவருக்கு ஒருநாள் படகு ஆசை வந்தது.

"சின்னப் படகாக இருக்கட்டும். கோட்டைக்குள் இருக்கிற குளத்திலும் ஓட வேண்டும், கடலிலும் ஓட வேண்டும். நடுவில் உள்ள இரண்டு காதத்துக்கு மாட்டு வண்டியில் ஏறி வர வேண்டும். நானும் ராணியும் உள்ளேயே படுத்துத் தூங்குவோம்" என்றார்.

அரண்மனை விகடகவி அம்பலவாணர் உடனே, "பட்டினத்து ஓடாவி சந்தியாகுவைக் கூப்பிடலாம் மகாராஜா. படகு செய்வதில் அவனை மிஞ்ச ஆளில்லை" என்றார்.

தளவாய் கோட்டைமுத்துவுக்கு வயிறு எரிந்தது. அந்த வேலையைத் தன் மைத்துனனுக்கு வாங்கித் தர நினைத்திருந்தார். மைத்துனன் அதுவரை செய்தது ஒரே ஒரு படகு. அது இன்றும் குளத்தின் அடியில் பத்திரமாக இருக்கிறது.

"நல்ல யோசனை மகாராஜா" என்று தளவாய் குழைந்தார். "ஆனால் படகுக்குள் தாங்கள் நிமிர்ந்து நிற்க வேண்டுமே? தங்கள் கொள்ளுத்தாத்தா கட்டிய கோட்டை வாசலிலும் கீறல் படக் கூடாது. அந்தப் படகால் தங்கள் தலை ஒரு விரற்கடை தாழ்ந்தாலும் ஓடாவியின் தலையையும், அவனைச் சிபாரிசு செய்தவர் தலையையும் எடுத்துவிடலாமா?"

"அப்படியே ஆகட்டும்!" என்றார் ராஜா.

அம்பலவாணர் தன் கழுத்தைத் தடவிக்கொண்டே பட்டறைக்குப் போனார். உட்கார்ந்து பலகை இழைத்துக்கொண்டிருந்த சந்தியாகு அவரைக் கண்டதும் எழுந்தான். விஷயத்தைக் கேட்டதும் தலையில் கை வைத்துக்கொண்டான்.

"ஐயா, ஆள் நிக்கிற ஒசரத்துக்கு அறை வச்சா வண்டியில ஏத்தினதும் வாசல்ல இடிக்கும். தப்பிச்சுக் கடலுக்குப் போனாலும், காத்தடிச்சா மேல்பாரம் தாங்காமக் கவுந்துரும். அறையத் தாழ்த்தினா மகாராஜா குனியணும். எப்படிப் பாத்தாலும் என் தலை போகுது."

"என்னுடையதும்தான். அதனால் அழாமல் யோசி. நான் வந்ததும் நீ என்ன செய்தாய்?"

"எந்திரிச்சு நின்னேன்."

"கேவலம், எனக்கே நீ எழுந்து நிற்கிறாய். மகாராஜா வரும்போது உன் படகுக் கூரை மட்டும் உட்கார்ந்தே இருக்கலாமா?"

சந்தியாகு ஒரு நிமிஷம் விழித்தான். பிறகு பல்லெல்லாம் தெரியச் சிரித்தான்.

மூன்று மாதத்தில் படகு தயார். பாய்மரத்தைச் சாய்த்துப் படுக்க வைத்து, கூரையை மடக்கி, ஒரு ஜோடி மாடு இழுக்க, வண்டிமேல் படகு கோட்டை வாசலைத் தாண்டியது. கீறல் இல்லை. கடற்கரையில் பாய்மரத்தை நிமிர்த்தினார்கள். ராஜா கால் வைத்ததும் சந்தியாகு கயிற்றை இழுத்தான். கூரை மரியாதையாக எழுந்து நின்றது. ராஜா கிரீடத்தோடு அறைக்குள் நிமிர்ந்து நின்று, "ராணி பார்க்க வேண்டுமே!" என்று துள்ளினார். ராணியோ, ஓடிப் பார்த்த பிறகு ஏறுகிறேன் என்று கரையிலேயே இருந்துகொண்டாள். கெட்டிக்காரி. சாட்சி சொல்வதற்கென்று தளவாயும், தன் கழுத்தை நினைத்து அம்பலவாணரும் கூடவே ஏறிக்கொண்டார்கள்.

கரை கண்ணுக்கு மறையும்வரை எல்லாம் நன்றாகத்தான் போயிற்று. காற்று வாங்க ராஜா வெளியே வந்து நின்றார். அந்த நேரம் பார்த்துக் காற்று திசை மாறியது. பாயின் அடியில் கட்டிய கழி இந்தப் பக்கத்திலிருந்து அந்தப் பக்கத்துக்கு விர்ரென்று வீசியது. நேராக ராஜாவின் மூக்குக்கு!

"மகாராஜா, தலை!" என்று சந்தியாகு அலறினான்.

ராஜா குனிந்தார்.

கழி கிரீடத்தைத் தட்டிக் கடலுக்குள் தள்ளிவிட்டுப் போயிற்று. ராஜா மெல்ல நிமிர்ந்தார். முகம் செக்கச்சிவந்திருந்தது. சந்தியாகு சுக்கானை இறுகப் பிடித்துக்கொண்டான். பாவம், தன் பெண்டாட்டி பிள்ளைகளை மனசுக்குள் கும்பிட்டுக்கொண்டான்.

தளவாய் குதித்தார். "குனிந்தார்! மகாராஜா குனிந்தார்! இரண்டு தலையும் என்னுடையவை!"

"பதறாமல் சொல்லும்" என்றார் அம்பலவாணர். "எவ்வளவு குனிந்தார்?"

"மோவாய் மார்பில் இடித்தது!"

"நீர் பார்த்தீரா?"

"இமைக்காமல் பார்த்தேன் ஐயா!"

அம்பலவாணர் ராஜாவை வணங்கினார். "மகாராஜா, தங்கள் முன்னால் நிற்கிற எவனும் தலையைத் தாழ்த்தித் தன் கால் கட்டைவிரலைத்தான் பார்க்க வேண்டும் என்பது தங்கள் சட்டம். மீறினால் சிரச்சேதம். நான் என் கட்டைவிரலைப் பார்த்துக்கொண்டிருந்தேன். எனக்கு ஒன்றும் தெரியாது. சந்தியாகு, நீ?"

"நானும் வெரலத்தான் பாத்தேன் ஐயா. நகம் வெட்டணும்."

சுக்கான் பிடிக்கிறவன் கட்டைவிரலைப் பார்த்தால் படகை யார் ஓட்டியது என்று ராஜா கேட்கவில்லை. அவர் முகத்தில் உயிர் வந்திருந்தது.

"அப்படியென்றால், என் முன்னால் தலை நிமிர்ந்து நின்றவர் நம் தளவாய் ஒருவர்தான்?"

தளவாய் சட்டென்று தலையைத் தொங்கப்போட்டார். "இல்லை மகாராஜா! வாய் தவறிவிட்டது. நானும் என் கட்டைவிரலைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன்!"

"அது மட்டும் நடக்கிற காரியமில்லை" என்றார் அம்பலவாணர். "உம்முடைய தொந்தியைத் தாண்டி உம் கட்டைவிரலை நீர் பார்த்துப் பத்து வருஷம் ஆகிறதே!"

ராஜா வயிற்றைப் பிடித்துக்கொண்டு, உடம்பு இரண்டாக மடியச் சிரித்தார். மூன்று பேரும் அவசர அவசரமாகத் தங்கள் கட்டைவிரல்களைப் பார்த்தார்கள்.