ஒற்றைக் கைக்கு ரொட்டி இல்லை

ஐந்து ஆறுகள் ஓடுகிற பஞ்சாப் சீமையில், கோதுமைக்குச் சமமாகக் கவிஞர்களும் விளைந்த ஒரு காலத்தில், ஹர்மேல்சிங் என்றொரு ராஜா இருந்தார். நல்லவர்தான். ஆனால் காலையில் ஒரு புத்தி, மாலையில் ஒரு புத்தி. ஒரு பாட்டு பிடித்துப்போனால் பாடியவரை யானைமேல் ஏற்றுவார். அவர் இறங்குவதற்குள் ராஜாவுக்கு அந்தப் பாட்டு புளித்துப்போயிருக்கும்.

வைசாகி என்கிற அறுவடைத் திருநாள் நெருங்கியபோது அவர் தண்டோரா போடச் சொன்னார். குருவின் வீடு என்று சீக்கியர் கும்பிடுகிற குருத்வாராவில் பெரியவன் சின்னவன் பார்க்காமல் எல்லோரும் தரையில் ஒரே வரிசையாக உட்கார்ந்து சாப்பிடுகிறார்களே, லங்கர் என்று, அந்தப் பந்தியைப் பற்றிச் சிறந்த பாட்டுக் கட்டுகிறவருக்கு, கேட்ட வரம் ஒன்று கிடைக்கும்!

அந்த லங்கரில் இருபது வருஷமாக ரொட்டி தட்டுகிறவள் ஜிந்தோ. புருஷனும் இல்லை, பிள்ளையும் இல்லை. அந்த அடுப்புதான் அவளுக்கு வீடு. எழுத்து தெரியாது. ஆனால் மாவைத் தட்டுகிற தாளத்துக்குப் பாட்டு தானாக வாயில் வந்து விழும். தண்டோராவைக் கேட்டதும் ஒரு பாட்டுக் கட்டி, அந்த ஊர்க் கவிகளின் வழக்கப்படி கடைசி அடியில் தன் பெயரையும் வைத்தாள். அதை எழுதி வாங்கிக்கொள்ள அரசவைப் புலவர் சோபாராயரிடம் போனாள்.

இந்தச் சோபாராயர் டில்லியிலிருந்து வந்து பத்து வருஷம் ஆகிறது. பந்தியில் அவர் முகத்தை ஜிந்தோ பார்த்ததே இல்லை. குடியானவனோடு முழங்கால் இடிக்க உட்காருவதா என்று, வெள்ளித் தட்டில் வீட்டுக்கே சாப்பாட்டை வரவழைத்துக்கொள்வார். அவர் பாட்டை எழுதிக்கொண்டார். எழுத எழுத அவர் வயிறு எரிந்தது.

திருநாள் அன்று சபையில் அவர் எழுந்து பாடினார். ஜிந்தோவின் பாட்டு! ஒரு சொல் மாறவில்லை. கடைசி அடியில் மட்டும் ஜிந்தோ போய் சோபாராயர் வந்திருந்தார். ராஜா சிம்மாசனத்திலிருந்து எழுந்தே விட்டார்.

ஜிந்தோவுக்கு உடம்பெல்லாம் பற்றி எரிந்தது. பெற்ற பிள்ளையைப் பிறத்தியார் தூக்கிக்கொண்டு போனது போலிருந்தது. மாவு காயாத கையோடு முன்னால் வந்தாள்.

“மகாராஜா, அது என் பாட்டு!”

சபை சிரித்தது. சோபாராயர் சால்வையை உதறிப் போட்டுக்கொண்டார். “அடுப்புப் புகை கண்ணை மறைப்பது தெரியும். காதையும் மறைக்கும் என்று இன்றுதான் தெரிந்தது.”

“சாட்சி உண்டா?” என்றார் ராஜா.

“எங்க மடப்பள்ளியே கேட்டிருக்கு, மகாராஜா.”

“உன் கூட்டாளிகள் சாட்சி செல்லாது. இன்று பந்தி முடிவதற்குள் வேறு சாட்சி காட்டு. இல்லையென்றால் பெரிய மனிதர்மேல் பழி போட்டதற்காக நீ இந்தச் சீமையை விட்டே போகவேண்டும்.”

அடுப்பை விட்டால் ஜிந்தோ எங்கே போவாள்? கொஞ்சம் யோசித்தாள். பிறகு கும்பிட்டாள். “அப்போ புலவர் ஒரே ஒரு அடிக்கு அர்த்தம் சொல்லட்டும். ‘ஒற்றைக் கை நீட்டியவன் பசியோடு இருந்தான், இரு கை ஏந்தியவன் வயிறு நிறைந்தான்’னு வருதே, அது.”

“இதுவா கடினம்?” சோபாராயர் மார்பை நிமிர்த்தினார். “ஒரு கை கல்வி, மறு கை பக்தி. கல்வி மட்டும் உள்ளவனுக்கு ஞானப்பசி தீராது!”

“ஆகா!” என்றது சபை. ராஜாவும் தலையாட்டினார்.

“ரொம்ப உசத்தியான அர்த்தம்,” என்றாள் ஜிந்தோ. “பந்திக்கு நேரமாச்சு, மகாராஜா. நீங்களும் வாங்க, புலவரும் வரட்டும். நானே பரிமாறுறேன். சாட்சி அங்கேயே வந்துடும்.”

ராஜா தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்தார். பக்கத்தில் சோபாராயர், முகத்தைச் சுளித்துக்கொண்டு. எதிர் வரிசையில் ஓர் ஒட்டகக்காரர். ஜிந்தோ ரொட்டிக் கூடையோடு வந்தாள். ராஜா சின்ன வயதுப் பழக்கத்தில் இரண்டு உள்ளங்கையையும் சேர்த்து ஏந்தினார். சூடான ரொட்டி வந்து விழுந்தது. சோபாராயர் இடது கையால் சால்வையைப் பிடித்துக்கொண்டு வலது கையை நீட்டினார். ஜிந்தோ நிற்காமல் அடுத்தவரிடம் போனாள்.

இரண்டாவது சுற்றிலும் அவரை அப்படியே தாண்டிப் போனாள். மூன்றாவது சுற்றில் சோபாராயருக்குப் பொறுக்கவில்லை. “ஏ பொம்பளை, கண் அவிஞ்சுபோச்சா? நீட்டிக்கிட்டுத்தானே இருக்கேன்!”

ஒட்டகக்காரர் பரிவோடு சொன்னார்: “ஐயா ஊருக்குப் புதுசு போல. ரெண்டு கையையும் சேர்த்து ஏந்துங்க. குரு வீட்டு ரொட்டியை அப்படித்தான் வாங்கணும். ஒத்தைக் கைக்கு இங்கே யாரும் போடமாட்டாங்க.”

ராஜா வாய்க்குக் கொண்டுபோன ரொட்டியை இறக்கினார். தன் கைகளைப் பார்த்தார். புலவரின் கையைப் பார்த்தார்.

“சோபாராயரே, நீர் எழுதிய பாட்டில் இருப்பது உமக்கே தெரியவில்லையே!”

“எனக்குப் பெரிய அர்த்தம் எதுவும் தெரியாது, மகாராஜா,” என்றாள் ஜிந்தோ. “தினமும் கண்ணால பாக்கிறதைப் பாடினேன். இங்கே ஒரு நாள் உட்கார்ந்திருந்தா அவருக்கும் தெரிஞ்சிருக்கும்.”

சோபாராயர் தலையைத் தொங்கப்போட்டார். ராஜா கர்ஜித்தார்: “நாடு கடத்துங்கள் இவரை!”

“பொறுங்க மகாராஜா, வரம் எனக்குத்தானே?”

“கேள், தாயே!”

“அவரை அனுப்பாதீங்க. நல்ல குரல் அவருக்கு. என் பாட்டை ஒரு சொல் விடாம மனப்பாடம் வேற பண்ணியிருக்கார். ஊர் ஊரா லங்கருக்குப் போய்ப் பாடட்டும், கடைசி அடியில என் பேரோட. பாடி முடிச்சு வரிசையில உட்கார்ந்து சாப்பிடட்டும்.”

ராஜா வயிறு குலுங்கச் சிரித்தார். “கொடுத்தேன்! இங்கேயே தொடங்கட்டும்.”

சோபாராயர் பாடினார். கடைசி அடி வந்தது. “ஜிந்தோ” என்றார். பந்தி முழுவதும் ‘ஸத் ஸ்ரீ அகால்’ என்று கடவுளை வாழ்த்தி முழங்கியது. ஜிந்தோவுக்குக் கண் நிறைந்துவிட்டது.

அவள் கூடையை எடுத்துக்கொண்டு அவர் முன்னால் போய் நின்றாள். புலவரின் சால்வை நழுவித் தரையில் விழுந்தது. இரண்டு கைகளும் மெல்ல உயர்ந்தன. ஜிந்தோ இரண்டு ரொட்டி போட்டாள்.