ஓடைக்கரைக்காரர்களின் நன்றி

கருவேலங்குளம் நகராட்சித் தலைவராக இருந்தபோது தணிகாசலம் தெருத்தெருவாகக் குழாய் போட்டுக் குடிதண்ணீர் கொடுத்தார். அந்த நல்ல பெயரில் எம்.எல்.ஏ.வும் ஆனார். ஆனதும், யாராவது எதையாவது கேட்டாலே அவருக்குக் கோபம் வந்தது.

தனக்கு நடக்கவிருந்த பாராட்டு விழாவுக்கு முதல் நாள், நகராட்சியில் கூட்டிப் பெருக்கும் குருவம்மாளைக் கூப்பிட்டார்.

"உங்க ஓடைக்கரை ஆளுங்களைக் கூட்டிட்டு வா. நன்றி மட்டும்தான் சொல்லணும். யாராவது எதையாவது கேட்டா உனக்கு வேலை கிடையாது."

"சரிங்கய்யா" என்றாள். மழைக்காலத்தில் ஓடையைக் கடக்க முடியாமல் பிரசவ வலியில் இறந்த தங்கச்சியை அவள் மறக்கவில்லை.

விழாவில் மைக்கைப் பிடித்தாள்.

"ஐயா, குழாய் போட்டுத் தந்தீங்க. எங்க இடுப்புக் குடம் இறங்குச்சு. நன்றிங்கய்யா!"

கூட்டம் கை தட்டியது. தணிகாசலம் பூரித்தார்.

"அடுத்த மழைக்குள்ள ஓடைக்குப் பாலம் கட்டித் தரப்போறீங்க. அதுக்கும் நன்றிங்கய்யா!"

ஓடைக்கரைப் பெண்களெல்லாம் எழுந்து கும்பிட்டார்கள். கைதட்டல் அடங்கவேயில்லை.

"நான் எப்ப சொன்னேன்?" என்று அவர் பல்லைக் கடித்தார்.

"நாங்க ஒண்ணும் கேக்கலையேய்யா, நன்றிதானே சொன்னோம்" என்றாள் மெதுவாக.

கும்பிட்ட கைகளைப் பார்த்தார். அவருக்கே சிரிப்பு வந்துவிட்டது. மைக்கை வாங்கி, "பாலம் வரும்" என்றார்.

வந்தது. அடுத்த பெருமழையில், வலியெடுத்த ஒரு பெண்ணை ஏற்றிக்கொண்டு ஆட்டோ பாலத்தைக் கடந்து ஆஸ்பத்திரிக்குப் போனது.

மறுநாள் குருவம்மாள் சர்க்கரையோடு அவர் வீட்டுக்குப் போனாள்.

"பொண்ணு பிறந்திருக்குங்கய்யா. ரெண்டு உசுரும் பத்திரம்."

தணிகாசலம் நாற்காலியிலிருந்து எழுந்து, இரண்டு கையாலும் சர்க்கரையை வாங்கிக்கொண்டார்.