பார்த்தால் அணையும் நெருப்பு

நெடுவேள் என்ற அரசன் பட்டத்துக்கு வந்த ஏழாம் ஆண்டு, தை மாதம் ஒன்பதாம் நாள் காலையில், அழலூரில் ஆயிரத்து நூற்றுப் பதினான்கு பேர் எயினி என்ற பெண்ணுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நின்றார்கள். ஏன் நின்றார்கள் என்று சொல்கிறேன், கேளுங்கள்.

அழலூர் நம் உலகத்தில் இல்லை. அங்கேயும் தண்ணீர் நனைக்கும், கல் கீழே விழும், வெயில் சுடும். நெருப்பு மட்டும் வேறு. மனிதக் கண் பட்டால் அங்கே நெருப்பு அணைந்துவிடும். ஒரு கண் போதும். ஒரு நொடி போதும்.

ஆகவே அந்த ஊரில் விளக்கு கிடையாது. கண்ணை மூடிக்கொண்டு அடுப்பைப் பற்றவைப்பார்கள். பிறகு அதற்கு முதுகைத் திருப்பி உட்கார்ந்து, உலை கொதிக்கும் ஓசையைக் கேட்டே சமைப்பார்கள். எல்லோருக்கும் தீக்காயம் முதுகில்தான். நெருப்புக்கு என்ன நிறம் என்று ஒருவருக்கும் தெரியாது. பார்வை இல்லாதவர்களே அங்கே கொல்லர்கள். அவர்களுக்கு ஊரில் பெரிய மரியாதை.

நெடுவேள் கொடியவன், ஆனால் முட்டாள் அல்ல. வாளால் வெட்டினால் பழி தன்மேல் விழும் என்று அவனுக்குத் தெரியும். அதனால் எரிக்கும் தண்டனையைக் கொண்டுவந்தான். எரிக்க வேண்டுமென்றால் ஊர் முழுவதும் திரும்பி நின்றாக வேண்டும். கைக்குழந்தைகளை வீட்டில் விட்டுவர வேண்டும். கைதியின் கண்ணில் ஈரக் களிமண்ணை அப்பிக் கட்டிவிடுவார்கள். பார்வையற்ற கொல்லன் ஒருவன் தீ மூட்டுவான். காவலரும் திரும்பி நிற்பார்கள், அரசனும் திரும்பி உட்காருவான்.

நெருப்பு இடையில் அணைந்துவிட்டால் கைதிக்கு விடுதலை. அது ஊரின் பழைய வழக்கம், அதை நெடுவேளாலும் மாற்ற முடியவில்லை. ஆனால் பார்த்தவன் யார் என்று தெரிந்தால் மறுநாள் அவன் எரிவான் என்று பறை அறைந்திருந்தான்.

முதலில் ஒரு திருடனை எரித்தார்கள். வெளியூர்க்காரன். யாரும் பார்க்கவில்லை.

அடுத்து ஒரு நெசவாளியை எரித்தார்கள். அரசனின் நாயைக் கல்லால் அடித்தவன், சிலருக்குப் பழக்கமானவன். யாரும் பார்க்கவில்லை.

மூன்றாவதாக எயினி.

ஏரி மடையைத் திறந்து மூடுவது எயினியின் வேலை. மழை பொய்த்த ஆண்டில், அரசனின் கரும்புத் தோட்டத்துக்கு மட்டும் தண்ணீர் விடச் சொன்னார்கள். அவள் மூன்று நாள் ஊர் வயலுக்கு விட்டாள். அந்த மூன்று நாள் தண்ணீரில் விளைந்த சோற்றைத் தின்றுவிட்டுத்தான் எல்லோரும் அன்று திடலுக்கு வந்தார்கள்.

எயினியின் தம்பி பூதன், விடிந்ததும் குயவன் சாத்தனின் வீட்டுக்கு ஓடினான்.

"அண்ணே, ஒரே ஒரு தடவை திரும்பிப் பாருங்க. எல்லாரும் முதுகு காட்டி நிக்கிறப்ப, யாரு பார்த்ததுன்னு எவனுக்குத் தெரியப்போவுது?"

"அப்ப நீயே பாரேன்."

"அணைஞ்சா முதல்ல என் கழுத்தைத்தானே பிடிப்பாங்க. கூடப் பிறந்தவனாச்சே."

"கூடப் பிறந்த நீ பயப்படலாம், பானை செய்யுற நான் மட்டும் வீரனாகணும். நல்லா இருக்குடா உன் நியாயம்" என்றான் சாத்தன்.

பூதன் தாய்மாமன் அந்துவனிடம் போனான். அந்துவன் கஞ்சி குடித்துக்கொண்டிருந்தான்.

"ஏன் மாப்ளே பதறுறே? ஆயிரம் பேர் வந்து நிக்கப்போறான். அதுல ஒருத்தனுக்காவது மனசு கேக்காது, திரும்பிடுவான். நம்ம வீட்டு ஆள் பார்த்தாத்தான் வம்பு. வாயை மூடிக்கிட்டு நில்லு."

பூதனுக்கு அது சரியாகத்தான் பட்டது. இருந்தாலும் மனம் கேட்கவில்லை. அன்று தீ மூட்ட வேண்டிய கொல்லன் அள்ளனைத் தேடிப் போனான்.

"பெரியவரே, இன்னைக்கு முடியாதுன்னு சொல்லிடுங்க."

அள்ளன் தீக்கல்லைத் துணியால் துடைத்துக்கொண்டிருந்தான். "நான் மாட்டேன்னா இன்னொருத்தன் வருவான். பன்னிரண்டு கொல்லர் இருக்கோம்" என்றான். "தம்பி, எங்களால மூட்டத்தான் முடியும். அணைக்கக் கண்ணு வேணும். அது உன் மூஞ்சியில இருக்கு."

அதுவும் ஒரு சாக்குதான். பூதன் திடலுக்கு நடந்தான்.

திடலில் எயினியைக் கட்டினார்கள். பறை ஒலித்தது. எல்லோரும் திரும்பினார்கள். விறகு வெடிக்கும் சத்தம் கேட்டது, பிறகு முதுகில் சூடு பட்டது.

"வந்து பாருங்க" என்று எயினி கூப்பிட்டாள்.

அந்த ஊரில் வீடு பற்றிக்கொண்டால் கூவுகிற சொல் அது. அதைக் கேட்டால் சாப்பிடுகிறவன் கைகழுவாமல் ஓடி வருவான். எயினி அதை மூன்று முறை கூவினாள்.

முதல் முறை கூவியபோது, சாத்தன் பார்ப்பான் என்று பூதன் நினைத்தான். பூதன் பார்ப்பான் என்று சாத்தன் நினைத்தான். ஆயிரத்தில் ஒருவன் பார்ப்பான் என்று அந்துவன் நினைத்தான்.

இரண்டாம் முறை பூதனின் கழுத்து கொஞ்சம் திரும்பியது. பக்கத்தில் நின்றவன் கவனித்துவிட்டானோ என்று பயந்து நேராக்கிக்கொண்டான். அவன் கவனிக்கத்தான் செய்தான். இந்தப் பையன் பார்த்துவிடுவான், நாம் பார்க்க வேண்டாம் என்று நிம்மதியும் அடைந்தான்.

மூன்றாம் முறைக்குப் பிறகு சத்தம் இல்லை. நெருப்பு உச்சிவெயில் வரை எரிந்தது.

வேறு எந்தக் கொடுமை நடந்தாலும், நான் தடுக்கத்தான் போனேன் என்று பிற்பாடு பொய் சொல்லிக்கொள்ளலாம். இதில் அதற்கு வழியில்லை. நெருப்பு எரிந்து முடிந்தது என்றால், ஒருவர்கூடப் பார்க்கவில்லை என்று பொருள். ஆயிரத்து நூற்றுப் பதினான்கு பேரும் ஒருவரைப் பற்றி ஒருவர் இதைத் தெரிந்துகொண்டுதான் வீடு திரும்பினார்கள். அந்துவன் அக்காள் மகனை அதன்பின் வீட்டுக்குக் கூப்பிடவில்லை. பூதனும் போகவில்லை.

கேட்டவர்களே, இன்னொருவர் செய்வார் என்று ஒவ்வொருவரும் இருந்துவிட்டால், நல்லவர்கள் நிறைந்த ஊரும் கொலையாளி ஆகிவிடும்.

நெடுவேளின் எட்டாம் ஆண்டு, பங்குனி மாதம் இரண்டாம் நாள், காலியாக இருந்த மடை வேலைக்குப் பூதனை நியமித்தார்கள். அவன் அன்றே சேர்ந்தான்.