வந்துட்டீங்களா என்று கேட்ட கல்

முன்னொரு காலத்தில், கணக்குப் போட்டுச் சொல்ல முடியாத அத்தனை பழைய காலத்தில், தேனருவி நாடு என்று ஒரு நாடு இருந்தது. அதன் எல்லையில் கூவுமலை. அந்த மலைக்குகைகளில் நீல நிறத்தில் ஒரு கல் கிடைக்கும். கேட்கல் என்று பெயர். வாயருகே வைத்து என்ன சொன்னாலும் அப்படியே பிடித்துக்கொள்ளும். உள்ளங்கையால் தேய்த்தால் அதே குரலில் திருப்பிச் சொல்லும். பொழுது சாய்ந்தால் மறந்துவிடும். மறுநாள் அது வெறும் கல்தான். பிள்ளைகள் அதில் பூனை மாதிரி கத்தி விளையாடுவார்கள்.

நாட்டை ஆண்டவன் இளமருதன். அவனுடைய ராணி செண்பகவல்லி. ஒரு மழைக்காலத்தில் வடக்கே பெரிய ஏரி உடைத்துக்கொண்டது. கரையை அடைக்கப் போன ராஜா பதினோரு நாள் திரும்பவில்லை. இங்கே ராணிக்கு விஷக்காய்ச்சல். சேதி கேட்டு அவன் குதிரையில் பறந்து வந்தான். வாசலில் குளம்புச் சத்தம் கேட்டதும் ராணி கண்ணைத் திறக்காமலே, "வந்துட்டீங்களா?" என்றாள். அவன் படியேறி வருவதற்குள் உயிர் போய்விட்டது.

கட்டில் பக்கத்தில் வைத்தியன் வேடத்தில் நின்றவன் தூமகண்டன் என்ற மந்திரவாதி. அவன் கையில் ஒரு கேட்கல் இருந்தது.

"மகாராஜா, ராணியம்மாவின் கடைசிப் பேச்சு இதில் இருக்கிறது. மந்திரம் போட்ட கல். இது மறக்காது" என்றான்.

"உனக்கு என்ன வேண்டும்?"

"இப்போது ஒன்றும் வேண்டாம். கல் நிரம்பினதும் நானே வந்து வாங்கிக்கொள்கிறேன்."

அழக்கூட முடியாமல் நின்ற ராஜாவுக்கு அந்தப் பேச்சு காதில் ஏறவில்லை. கல்லைத் தேய்த்தான்.

"வந்துட்டீங்களா?" என்றது கல்.

"வந்துட்டேன் செண்பகம்" என்றான்.

மறுபடி தேய்த்தான். "வந்துட்டீங்களா?"

"வந்துட்டேன்."

நாளெல்லாம் இதே வேலை. சபைக்குப் போகவில்லை. யாரோடும் பேசவில்லை.

முதல் வருஷம் அந்த நாட்டில் குயில் கூவவில்லை. இரண்டாம் வருஷம் அருவி விழுந்தது, சத்தம் விழவில்லை. மூன்றாம் வருஷம் பிறந்த பிள்ளைகள் அழவில்லை.

முல்லைக்குறிச்சியில் வெள்ளச்சி என்று ஒரு மருத்துவச்சி. ஊரில் பாதிப் பேரை அவள்தான் கையில் ஏந்தி எடுத்தவள். அவள் தங்கை தாயம்மைக்கு ஒன்பது வருஷம் கழித்து ஒரு பிள்ளை பிறந்தது. கொழுகொழுவென்று இருந்தது. அழவில்லை. பதினைந்தாம் நாள் தாயம்மை அடுப்படியில் இருந்தபோது தூளித்துணி பிள்ளையின் முகத்தில் சுற்றிக்கொண்டது. பிள்ளை வாயைத் திறந்து கத்தியிருக்கும். யாருக்கும் கேட்கவில்லை.

புதைத்துவிட்டு வந்த அன்றே வெள்ளச்சி அரண்மனைக்கு நடந்தாள். அவளுக்கே அப்போது நிறைமாதம். காவல்காரன் அவள் வயிற்றைப் பார்த்தான், ஒன்றும் கேட்காமல் வழிவிட்டான்.

ராஜா கல்லோடு உட்கார்ந்திருந்தான். பணிப்பெண் ஒருத்தி கொலுசு கலீர் கலீர் என்று ஒலிக்க மோர் கொண்டுவந்தாள். ராஜா கல்லைத் தேய்த்தான்.

"வந்துட்டீங்களா?"

கொலுசுச் சத்தம் நின்றது. பணிப்பெண் காலை உதறிப் பார்த்தாள். சத்தமே இல்லை. வெள்ளச்சி அதைக் கவனித்துவிட்டாள்.

"மகராசா, இன்னொரு தடவை தேயுங்க."

தேய்த்தான். "வந்துட்டீங்களா?"

கூண்டில் கத்திக்கொண்டிருந்த கிளிக்கு வாய் மட்டும் திறந்து திறந்து மூடியது.

"பார்த்தீங்களா? ஒரு குரல் அழியாம இருக்க, அது ஊர்க்குரலையெல்லாம் தின்னுது. மூணாவதா தேய்ச்சா என் குரலும் போயிரும். அதுக்கு முந்தி சொல்லிடறேன் சாமி" என்று தங்கை பிள்ளை செத்த கதையைச் சொன்னாள்.

ராஜா கல்லை மார்போடு அணைத்துக்கொண்டான். "இதையும் விட்டுவிட்டால் அவள் குரலை நான் எங்கே போய்க் கேட்பேன்?"

"அம்மா கேட்டுக்கிட்டே இருக்காங்க. நீங்களும் பதில் சொல்லிக்கிட்டே இருக்கீங்க. ஒரு தடவையாவது அது அவங்க காதுல விழுந்துச்சா?"

ராஜா அணைப்பைத் தளர்த்திக் கல்லைக் குனிந்து பார்த்தான்.

அந்த நேரம் தூமகண்டன் புகையாக வந்து ஆளாக நின்றான். "இன்னும் ஒரே ஒரு குரல் போதும், கல் நிரம்பிவிடும். தேயுங்கள் மகாராஜா! அப்புறம் ராணி நாள் முழுக்கப் பேசுவாள், சிரிப்பாள், பாடுவாள்!"

ராஜாவின் உள்ளங்கை கல்லின்மேல் போனது. கடைசியாக ஒரே ஒரு தடவை கேட்டுவிட்டு உடைக்கலாம் என்று மனம் கெஞ்சியது. எதிரே வெள்ளச்சி வயிற்றைப் பிடித்துக்கொண்டு நின்றாள். ராஜா மனம் சொன்னதைக் கேட்கவில்லை. கல்லை ஓங்கித் தரையில் அடித்தான்.

கல் பொடிப்பொடியானது. குயில், அருவி, கோயில் மணி என்று மூன்று வருஷத்துச் சத்தங்களும் ஒரே இரைச்சலாகக் கிளம்பிச் சன்னல் வழியே போயின. அத்தனைக்கும் நடுவில் ஒரு குரலைத் தேடி ராஜா காதைத் தீட்டிக்கொண்டு நின்றான். அவனுக்கு அது அகப்படவில்லை.

தூமகண்டன் மந்திரம் சொல்ல வாயெடுத்தான். பேச்சு வரவில்லை. ஊர்க்குரலையெல்லாம் தனதாக்கிக்கொள்ளும் ஆசையில் அவன் கல்லோடு கட்டிவைத்திருந்த சொந்தக் குரலும் கல்லோடு போயிற்று. ஓடினவன்தான், பிறகு யாரும் அவனைப் பார்க்கவில்லை.

வெள்ளச்சிக்கு அங்கேயே வலி கண்டது. பணிப்பெண்கள் அவளை உள்ளே கொண்டுபோனார்கள். ராஜா கதவுக்கு வெளியே நின்றான். நாழிகை போனது. பிறகு வீல் என்று ஒரு சத்தம்! ராணி செத்த நாளிலிருந்து அழாதிருந்த ராஜா, நிலைப்படியில் உட்கார்ந்து வாய்விட்டு அழுதான். உள்ளே பிள்ளை அழ, வெளியே ராஜா அழ, அரண்மனையே கேட்டது.

முல்லைக்குறிச்சியில் ராஜா ஒரு பிரசவச் சாலை கட்டி, அதற்கு நன்செய் நிலமும் எழுதி, வெள்ளச்சி கையில் ஒப்படைத்தான். தாயம்மைக்கு அடுத்த வருஷம் ஒரு பெண் பிறந்தது. ஆனாலும் மூத்த பிள்ளையின் தூளியை அவள் கடைசிவரை அவிழ்க்கவில்லை. ராஜாவுக்கு வயதாக வயதாக ராணியின் குரல் மறந்துபோனது. சொன்ன வார்த்தை நினைவிருந்தது, குரல் இல்லை. அவன் நல்லபடியாக நாட்டை ஆண்டான்.

கதை கேட்டவர்கள் வீட்டில் பிள்ளைகள் வாய்விட்டு அழட்டும். அழுதால் ஓடிவர ஆள் இருக்கட்டும்.