நான்காவது சரணம்

வேல்ஸ் நாட்டில் நிலக்கரி வெட்டிப் பிழைத்த மலையூர் ஒன்றில், ஊர்க்காரர்களே கூடிப் பாடும் பாடகர் குழு ஒன்று இருந்தது. கல்யாணமோ கருமாதியோ, எங்கே போனாலும் முதலில் ஒரே பாட்டுதான். அதைத் தொண்டை கிழியப் பாடுவார்கள். நாலு சரணத்தில் மூன்றோடு நிறுத்திவிடுவார்கள். நாற்பது வருஷமாக இதே கூத்து.

நெஸ்டாவுக்கு இது தீராத தலைவலி. அவள் பக்கத்து ஊர்ப் பள்ளிக்கூட டீச்சர்; ஐம்பதை நெருங்குகிறவள். குழுவைத் தொடக்கத்திலிருந்து நடத்திவந்த பெரியவர் எம்ரிஸிடம் பதினோரு வருஷம் சிஷ்யையாக இருந்து, இப்போதுதான் குழுவை நடத்தும் பொறுப்புக்கு வந்திருக்கிறாள். போன வருஷப் போட்டியில் நடுவர்கள், "இது பாட்டா, கூச்சலா?" என்று கேட்டுவிட்டார்கள். இந்த முறையும் தோற்றால் குழுவையே கலைத்துவிடலாம் என்று ஊரில் பேச்சு.

மென்மையாகப் பாடச் சொன்னாள். எல்லோரும் சமர்த்தாகத் தலையாட்டினார்கள். வாயைத் திறந்ததும் அதே இரைச்சல். நான்காவது சரணத்துக்குக் கையைத் தூக்கினாள். பழையவர்கள் வாயை மூடிக்கொண்டார்கள். அவர்கள் முகத்தைப் பார்த்துப் புதியவர்களும் மூடிக்கொண்டார்கள்.

ஒத்திகைக் கூடத்து மூலையில் உட்கார்ந்திருந்த எம்ரிஸிடம் நேரே போனாள்.

"ஏன் மாஸ்டர் இப்படிக் கத்துறாங்க? அந்தக் கடைசிச் சரணம் என்ன பாவம் பண்ணிச்சு?"

"அந்தப் பாட்டோட சரித்திரம் உனக்குத் தெரியுமே."

"தெரியாமலா? சுரங்கத்துல தீப்பிடிச்சு பதினேழு பேர் மாட்டிக்கிட்டாங்க. அவங்களுக்குத் தைரியம் சொல்ல வெளியே நின்னு பாடினீங்க. அன்னிக்குத்தான் இந்தக் குழு பிறந்தது. ஆண்டுமலர்ல நான்தானே எழுதினேன்!"

"நல்லாத்தான் எழுதியிருந்தே."

அவர் ஒரு பெரிய ஸ்பேனரை எடுத்து அவள் கையில் கொடுத்தார்.

"கூடத்துக்குக் கீழே நிலவறை இருக்கு. உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கோ. மேலே ஏறுற இரும்புக் குழாயைத் தட்டு. நான் வந்து திறக்கிறவரைக்கும் தட்டு."

மனுஷனுக்கு வயசாகிவிட்டது என்று நினைத்துக்கொண்டே நெஸ்டா இறங்கினாள்.

மேலே பாட்டு தொடங்கியது. அவள் தட்டினாள். அட, என்ன அதிசயம்! மேலே காதைக் கிழித்த பாட்டு, தரையைத் தாண்டி வரும்போது தாலாட்டு மாதிரி இறங்கியது. அவள் கேட்ட மென்மை இதுதான். பாட்டு முடிந்தது. இப்போது வருவார் என்று பார்த்தாள். பாட்டுதான் மறுபடி தொடங்கியது. மறுபடியும். இன்னொரு தடவையும். இருட்டில் அவளுக்குப் பயம் வந்துவிட்டது. ஓங்கி ஓங்கித் தட்டினாள். ஆறாவது தடவையில் கை ஓய்ந்து ஸ்பேனர் கீழே விழுந்தது.

மேலே பாட்டு நின்றது. கதவு திறந்தது.

"நான் தட்டினது கேக்கலையா மாஸ்டர்?"

"கூடத்துல பாட்டுக் கேக்க உட்கார்ந்திருந்த யாருக்கும் கேக்கலை. பாடினவங்கள்ல பழைய ஆளுங்களுக்கு மட்டும் கேட்டுது."

எம்ரிஸ் குனிந்து ஸ்பேனரை எடுத்துக்கொண்டார்.

"தீயை அணைக்கணும்னா சுரங்கத்து வாயை அடைக்கணும்னாங்க. பதினேழு பேரும் செத்தாச்சுன்னு வீட்டுப் பொம்பளைங்ககிட்ட சொல்லியாச்சு. மண்ணைக் கொட்ட ஆரம்பிச்சப்புறம் உள்ளேயிருந்து குழாயில தட்டுற சத்தம். திறந்தா மொத்தமும் வெடிச்சுடும்னார் மேனேஜர். வெளியே நிக்கிற பொம்பளைங்க காதுல விழாதபடி எங்களைப் பாடச் சொன்னார். உரக்க."

"பாடினீங்களா?"

"பாடினோம். திரும்பத் திரும்ப. கடைசித் தடவை மூணாவது சரணம் முடியறப்போ தட்டுறது நின்னுபோச்சு. அதுக்கு மேல யாராலயும் பாட முடியலை."

நெஸ்டாவுக்கு அழுகை பொங்கி வந்தது.

"கீழே அது எவ்வளவு இனிமையா இருந்துச்சு தெரியுமா மாஸ்டர்? என்னைக் காப்பாத்தத்தான் வந்துக்கிட்டிருக்கீங்கன்னு நினைச்சேன்."

"என் தம்பியும் அப்படித்தான் நினைச்சிருப்பான்" என்றார் எம்ரிஸ்.