முதுகில் ஒரு வல்லூறு

விருப்பண்ணன் லாயத்தில் புல் சுமந்து, பிறகு குதிரை ஏறி, தலை நரைக்கும் வயதில் குதிரைப்படைத் தலைவன் ஆனவன். ஆன நேரம்தான் சரியில்லை. அவன் கைக்கு வந்தது வல்லூறுப் படை. போன போரில் பாதியிலேயே சிதறி ஓடிய படை அது. இன்னொரு தரம் ஓடினால் படையையே கலைத்துவிடுவேன் என்று ராஜா சொல்லிவிட்டார்.

போருக்கு முந்தின நாள், வெள்ளைத் துணியில் வெட்டிய வல்லூறுச் சின்னத்தையும் தன் சட்டையையும் எடுத்துக்கொண்டு குருவான நாச்சியாரம்மையின் மடத்துக்குப் போனான்.

"உங்கள் கையால் தைத்துக் கொடுங்கள், அம்மா. பார்த்ததுமே எதிரி நடுங்க வேண்டும்."

அந்த நாட்டில் தலைவர்கள் சின்னத்தை மார்பில் அணிவதுதான் வழக்கம். அம்மை சட்டையைத் திருப்பிப் போட்டு, முதுகில் தைக்க ஆரம்பித்தார்.

விருப்பண்ணனுக்குச் சுருக்கென்றது. "நாங்கள் ஓடும்போது நன்றாகத் தெரியட்டும் என்றா?"

"போன போரில் ஏன் சிதறினீர்கள்?"

"ஒரே புழுதி. முன்னால் போன தலைவர் எங்கே என்றே தெரியவில்லை."

"அவர் சின்னம் அணியவில்லையா?"

"மார்பு நிறைய அணிந்திருந்தார்."

அம்மை ஊசியில் அடுத்த நூலைக் கோத்தார். அவன் சட்டையின் மறுமுனையை அவருக்கு வாகாக இழுத்துப் பிடித்துக்கொண்டான்.

மறுநாளும் புழுதிக்குக் குறைவில்லை. ஆனால் அதற்குள் ஒரு வெள்ளை வல்லூறு முன்னே போய்க்கொண்டே இருந்தது. முதல் வரிசை அதை விடாமல் பின்தொடர்ந்தது. மற்ற வரிசைகள் முதல் வரிசையை விடவில்லை. உச்சிவெயிலுக்குள் எதிரியின் கோட்டைக் கதவு திறந்துவிட்டது. எல்லோர் முன்னிலையிலும் ராஜா விருப்பண்ணனைக் கட்டிக்கொண்டார். கலைக்கும் பேச்சை அதன்பின் யாரும் எடுக்கவில்லை.

சட்டையைக்கூட மாற்றாமல் மடத்துக்கு ஓடி வந்தான்.

"ஜெயித்துவிட்டோம், அம்மா! ஒருத்தன்கூடத் திரும்பி ஓடவில்லை!"

"அதுதான் ஊரே கத்துகிறதே!" என்று அம்மை வாய்விட்டுச் சிரித்தார்.

"இப்போது அத்தனை பேரும் முதுகில் வல்லூறு கேட்கிறார்கள். முன்னால் போகிறவர்களுக்குச் சரி, பின்னால் வருகிறவன் பார்ப்பான். கடைசி வரிசைக்காரர்களும் கேட்கிறார்களே? அவர்களுக்குப் பின்னால் யார் இருக்கிறார்கள்?"

அம்மை நிமிர்ந்து, அவன் பின்னாலேயே ஓடி வந்து வாசலில் அவன் முதுகையே பார்த்து நின்ற லாயத்துச் சிறுவர்களைப் பார்த்தார்.

"அதுதான் கடைசி வரிசை என்று உனக்கு யார் சொன்னது?"